‘ஆட்டோமேட்டிக்’ சரி, எந்த ஆட்டோமேட்டிக்?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

குடும்பத்துக்கு ஏற்ற கிராஸ்ஓவர் எது என்று உங்கள் வாகனப் பக்கத்தில் வந்த ஒப்பீட்டைப் படித்தேன். நன்றாகவே எழுதியிருந்தார்கள். டிக்கியில் எத்தனை பெட்டி கொள்ளும், திரை எத்தனை அங்குலம், கூரைக் கண்ணாடி எவ்வளவு திறக்கும், பின்சீட்டில் மூன்று பேர் தோள் இடிக்காமல் உட்கார முடியுமா, எல்லாம் இருந்தது. கியர்பாக்ஸ் என்ற கட்டத்தில் மட்டும் நான்கு வண்டிக்கும் ஒரே சொல்: ஆட்டோமேட்டிக். அந்த நான்கில் குறைந்தது மூன்று வெவ்வேறு வகை கியர்பாக்ஸ் இருக்கிறது என்பது எழுதியவருக்குத் தெரியாமல் இருக்காது, இடம் பத்தவில்லையோ என்னவோ. அந்த ஒற்றைச் சொல்லை நம்பி வண்டி வாங்கி இரண்டு வருஷம் அல்லாடியவன் என்ற முறையில் இதை எழுதுகிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நாங்கள் வாங்கியது சின்ன டர்போ பெட்ரோல் இன்ஜின், ஏழு கியர் டிசிடி. டெஸ்ட் டிரைவ் காலிச் சாலையில், நானும் ஷோரூம் தம்பியும் மட்டும். மிதித்ததும் பாய்ந்தது, கியர் மாறுவதே தெரியவில்லை, அப்படி ஒரு வழுக்கல். டிசிடி என்றால் என்ன என்று கேட்டேன். “லேட்டஸ்ட் டெக்னாலஜி சார்” என்றார். நானும் தலையாட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டேன். அந்த இடத்தில் இன்னும் இரண்டு கேள்வி கேட்டிருக்க வேண்டும், கேட்காதது என் தப்புதான்.

மூன்றாவது மாதம், ஒரு பல மாடி வாகன நிறுத்தத்தின் சாய்தளத்தில் மாட்டிக்கொண்டோம். முன்னால் பதினைந்து வண்டி, மேலே ஒரு இடம் காலியானால் வரிசை ஒரு முழம் நகரும். உள்ளே ஐந்து பேர், டிக்கி நிறையப் பெட்டி, ஏசி ஓடுகிறது. நான் பிரேக்கில் கால் வைக்காமல், ஆக்சிலரேட்டரை லேசாக அழுத்தியே வண்டியைச் சரிவில் பிடித்துவைத்திருந்தேன். முன் வண்டி நகர்ந்தால் இன்னும் கொஞ்சம் அழுத்துவது, நின்றால் தளர்த்துவது. அதற்கு முன் வைத்திருந்த பழைய ஆட்டோமேட்டிக்கில் பழகிய கால் அது. பத்து நிமிஷம் போயிருக்கும், பின்சீட்டிலிருந்து அப்பா, “என்னப்பா, ஏதோ கருகற வாசனை வருதே, வெளியிலயா?” என்றார். வெளியில் இல்லை. மீட்டரில் மஞ்சளாக எழுத்து வந்தது: கியர்பாக்ஸ் சூடாகிவிட்டது, பாதுகாப்பான இடத்தில் நிறுத்தவும். பின்னால் இருபது வண்டி ஹாரன் அடிக்கிற சரிவில் எது பாதுகாப்பான இடம்? வண்டி ஒரு உதறு உதறி ஒரு சாண் பின்னால் உருண்டது, மகள் அம்மாவின் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள், நான் கைப்பிரேக்கை இழுத்துவிட்டு அபாய விளக்கைப் போட்டேன். அரை மணி நேரம் அங்கேயே.

சர்வீஸ் சென்டரில் கம்ப்யூட்டரை மாட்டிப் பார்த்துவிட்டு, “உங்க டிரைவிங் ஸ்டைல்தான் சார்” என்று முடித்துவிட்டார்கள். கோபம் வந்தது, ஆனால் அவர்கள் சொன்னதில் பாதி உண்மை. மீதிப் பாதியை, அதாவது இந்த வகை கியர்பாக்ஸை இப்படி ஓட்டக் கூடாது என்பதை, விற்கும்போது ஒருவர்கூட வாய் திறந்து சொல்லவில்லை. கையேட்டில் பொடி எழுத்தில் இருக்கிறது, வீட்டுக்கு வந்து தேடிப் பார்த்தேன்.

விஷயம் இதுதான். டிசிடியில் இரண்டு கிளட்ச், அதாவது இன்ஜினை கியரோடு சேர்த்தும் பிரித்தும் விடுகிற உரசு தகடுகள். ஒன்று 1, 3, 5, 7 கியர்களைப் பார்த்துக்கொள்ளும், இன்னொன்று 2, 4, 6. நீங்கள் மூன்றில் போகும்போதே நான்கு தயாராக மாட்டி நிற்கும், ஒரு கிளட்ச் விடும் நேரத்தில் மற்றது பிடிக்கும், அதனால்தான் அந்த வழுக்கல். ஆனால் அடிப்படையில் அது மேனுவல் வண்டியின் கிளட்ச்தான், காலுக்குப் பதில் கம்ப்யூட்டர் மிதிக்கிறது, அவ்வளவே. மேனுவல் வண்டியைச் சரிவில் அரைக் கிளட்சில் பத்து நிமிஷம் நிறுத்திவைத்தால் என்ன ஆகும்? அதே கதைதான் இங்கேயும். நெரிசலில் வண்டி ஒன்றுக்குப் போவதா இரண்டுக்குப் போவதா என்று முடிவெடுக்க முடியாமல் தடுமாறுவது வேறு. டர்போ இன்ஜின் முதல் அரை விநாடி தூங்கி எழுவதும் இதோடு சேர்ந்தால், சந்திப்பில் திரும்பும்போது மிதித்தால் ஒன்றும் நடக்காது, இன்னும் மிதித்தால் திடுக்கென்று தாவும். ஓட்டுகிறவர் சமாளித்துவிடுவார், ஸ்டியரிங்காவது கையில் இருக்கிறது. பின்சீட்டில் இருப்பவர்களுக்குக் கழுத்துதான் மிச்சம்.

இதிலேயே ஒரு உட்பிரிவு உண்டு, அதை எந்த விளம்பரத்திலும் போட மாட்டார்கள். உலர் கிளட்ச், ஈரக் கிளட்ச். ஃபோக்ஸ்வாகன் 2003இல் கோல்ஃப் ஆர்32 வண்டியில் முதன்முதலாக இந்த இரட்டைக் கிளட்ச் கியர்பாக்ஸை விற்பனைக்குக் கொண்டுவந்தபோது அது ஆயிலில் ஊறும் ஆறு கியர் வகை, சூட்டை ஆயில் இழுத்துக்கொள்ளும். சின்ன இன்ஜின்களுக்கான ஏழு கியர் உலர் வகை 2008இல் வந்தது, அதற்குக் காற்றுதான் கதி. எடை குறைவு, எரிபொருள் மிச்சம், சரி. ஆனால் ஊர்ந்து ஊர்ந்து போகிற குடும்ப வண்டிக்கு உலர் வகையை நான் பரிந்துரைக்க மாட்டேன். டிசிடிதான் வேண்டும் என்றால் ஈரக் கிளட்சா என்று கேட்டு, அதைக் காகிதத்தில் காட்டச் சொல்லுங்கள்.

‘டிரைவிங் ஸ்டைல்’ என்ற பதில் எனக்கு மட்டும் கிடைத்ததல்ல என்று பிறகு தெரிந்தது. ஆஸ்திரேலியாவில் 2018இல் ஃபோர்டு நிறுவனத்துக்கு அந்நாட்டு ஃபெடரல் நீதிமன்றம் 1 கோடி ஆஸ்திரேலிய டாலர் அபராதம் விதித்தது, பவர்ஷிஃப்ட் என்ற இரட்டைக் கிளட்ச் கியர்பாக்ஸ் பற்றி வந்த புகார்களைக் கையாண்ட விதத்துக்காக. வண்டி உதறுகிறது என்று வந்த சில வாடிக்கையாளர்களிடம் நீங்கள் ஓட்டும் விதம்தான் காரணம் என்று சொல்லி அனுப்பியதும் அந்த வழக்கில் பேசப்பட்டது. எங்கள் வண்டி அந்த நிறுவனத்துடையது அல்ல, தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

இனி நான் இப்போது வைத்திருக்கும் வகைக்கு வருகிறேன், டார்க் கன்வெர்ட்டர். பெயர்தான் மிரட்டும். வாளித் தண்ணீரைக் கையால் வேகமாகச் சுழற்றிவிட்டால் அதில் மிதக்கிற செம்பும் கூடவே சுற்றுமே, அதுதான் சூத்திரம். இன்ஜின் ஒரு பக்கம் ஆயிலைச் சுழற்றுகிறது, சுழலும் ஆயில் மறுபக்கத்துச் சக்கரத்தைத் தள்ளுகிறது, அங்கிருந்து கியருக்கு. ஹெர்மன் ஃபோட்டிங்கர் என்ற ஜெர்மானியர் 1905இல் இதற்குக் காப்புரிமை வாங்கியதே கப்பலுக்காகத்தான், காருக்கு அல்ல. நடுவில் உரசித் தேய்கிற தகடு இல்லை என்பதால் பிரேக்கிலிருந்து காலை எடுத்தால் வண்டி தானாக, பதறாமல், நடக்கிற வேகத்தில் நகரும். புறப்படும் நேரத்தில் இழுவிசையை ஏறத்தாழ இரண்டு மடங்காகப் பெருக்கியும் கொடுக்கும், ஐந்து பேரோடும் பெட்டிகளோடும் சரிவில் ஏற அந்த இரண்டு மடங்குதான் கைகொடுக்கிறது. இதுவும் சூடாகாது என்றில்லை, சரிவில் ஆக்சிலரேட்டரால் பிடித்துவைப்பது இதற்கும் நல்லதல்ல, ஆனால் ஆயில் அந்தச் சூட்டை ரேடியேட்டர் பக்கம் கொண்டுபோய்க் கொட்டிவிடுவதால் இது ரொம்பவே பொறுத்துப்போகும்.

மைலேஜ் குறையும் என்பார்கள். நான்கு கியர் காலத்தில் அது நிஜம். இப்போது வருகிறவற்றில் ஆறு, எட்டு என்று கியர் இருக்கிறது, கொஞ்சம் வேகம் பிடித்ததும் உள்ளே ஒரு பூட்டுக் கிளட்ச் இரண்டு பக்கத்தையும் ஒன்றாகப் பூட்டிவிடும், அதன்பின் ஆயில் வழுக்கலில் போகிற இழப்பு கிட்டத்தட்ட இல்லை. டிசிடி அளவுக்குச் சுறுசுறுப்பு இருக்காது, மிதித்தபின் யோசித்துவிட்டுத்தான் கியரைக் குறைக்கும். எனக்கு அது இடைஞ்சலாகத் தெரியவில்லை, பின்னால் மகள் தூங்கிக்கொண்டிருக்கும்போது யாருக்கு அந்தச் சுறுசுறுப்பு வேண்டும்?

அடுத்த வகை சிவிடி, படிப்படியான கியர் இல்லாமலே ஓடுவது. அதைப் பற்றி எதிரும் புதிருமாகப் பேசுகிறவர்கள் பலரும், கியர் இல்லாத ஸ்கூட்டர் ஓட்டியிருந்தால், ஏற்கனவே சிவிடி ஓட்டியவர்கள்தான். ஸ்கூட்டரில் ரப்பர் பெல்ட், காரில் எஃகுத் துண்டுகளைக் கோத்த பெல்ட் அல்லது சங்கிலி. இரண்டு கப்பிகள், ஒவ்வொன்றும் இரண்டு கூம்புத் தட்டுகளால் ஆனது, தட்டுகள் நெருங்கினால் பெல்ட் மேலே ஏறும், விலகினால் உள்ளே இறங்கும், அப்படியே இன்ஜின் சுற்றுக்கும் சக்கரச் சுற்றுக்கும் உள்ள விகிதம் மாறிக்கொண்டே போகும். கியர் என்ற படியே இல்லாததால் குலுக்கலும் இல்லை. டாஃப் என்ற டச்சு நிறுவனம் 1958இலேயே இதைக் காரில் வைத்துவிட்டது. சுவாரஸ்யம் என்னவென்றால் அந்த வண்டி முன்னால் போகும் வேகத்திலேயே பின்னாலும் போகும், நெதர்லாந்தில் அதை வைத்துப் பின்னோக்கி ஓட்டும் பந்தயமே நடத்தியிருக்கிறார்கள். சரி, அதை விடுங்கள்.

நெரிசலிலும் ஊருக்குள்ளும் சிவிடி அருமை. கார்களில் பெரும்பாலும் புறப்படுவதற்கு ஒரு டார்க் கன்வெர்ட்டரும் சேர்த்தே வைத்திருப்பதால் ஊர்வதிலும் பிரச்சினை இல்லை, தலைசுற்றல் வருகிற குழந்தைகள் இருந்தால் இதைவிட மெத்தென்ற சவாரி கஷ்டம். தொல்லை, முந்தும்போது. மிதித்தால் இன்ஜின் முதலில் உச்சத்துக்குப் போய் ஓலமிடும், வண்டி பின்னாலேயே மெதுவாக வேகம் பிடிக்கும், முதல் நாள் என் மைத்துனர் வண்டியில் நான் கிளட்ச் போய்விட்டது என்றே நினைத்தேன். முழுப் பாரத்தோடு நீண்ட மலையேற்றம், பின்னால் வண்டி இழுப்பது, இதற்கெல்லாம் பெல்ட் அவ்வளவு ஒத்துழைக்காது. நிஸான் பாத்ஃபைண்டர் 2013 மாடலிலிருந்து சிவிடியில் ஓடியது, 2022 மாடலில் அதை எடுத்துவிட்டு ஒன்பது கியர் டார்க் கன்வெர்ட்டர் வைத்தார்கள். ஏழெட்டுப் பேர் ஏறுகிற வண்டியில் தயாரிப்பாளரே மனம் மாறினார் என்றால் நாமும் கொஞ்சம் யோசிக்கலாம். மறுபக்கம், டொயோட்டா 2018இல் புறப்பட மட்டும் தனியாக ஒரு நிஜக் கியர் வைத்த சிவிடியை அறிமுகப்படுத்தியது, பெல்ட் கஷ்டப்படுகிற இடத்தை அதன் தலையிலிருந்து இறக்கிவிட்டார்கள். அதனால் சிவிடி என்றாலே ஒதுக்கிவிட வேண்டியதில்லை. நிதானமாக ஓட்டுகிறவர், நான்கு பேர், பெரும்பாலும் ஊருக்குள் என்றால் தாராளமாக வாங்கலாம்.

ஹைபிரிட் வண்டிகளில் ‘இ-சிவிடி’ என்று போட்டிருப்பார்கள், அதைப் பார்த்துப் பயந்து ஓடியவர்களை எனக்குத் தெரியும். டொயோட்டாவில் 1997இல் வந்த முதல் பிரியஸ் தொடங்கி, அந்தப் பெயருக்குள் பெல்ட்டும் இல்லை கப்பியும் இல்லை. இன்ஜினையும் இரண்டு மின் மோட்டார்களையும் ஒரு பல்சக்கரத் தொகுதியில் இணைத்திருக்கிறார்கள். தேய்வதற்கு அதில் ரொம்பக் குறைவாகத்தான் இருக்கிறது. பட்ஜெட் இடம் கொடுத்தால் குடும்பத்துக்கு இதுதான் என் முதல் தேர்வாக இருந்திருக்கும், கொடுக்கவில்லை.

ஏஎம்டி பற்றிச் சுருக்கமாக: மேனுவல் கியர்பாக்ஸ்தான், கிளட்சையும் கியரையும் ஒரு ரோபோ மாற்றுகிறது. ஒற்றைக் கிளட்ச் என்பதால் ஒவ்வொரு மாற்றத்துக்கும் வண்டி ஒரு மூச்சு நிறுத்தும், உள்ளே இருக்கிற ஐந்து தலையும் ஒன்றாக ஆமாம் சாமி போடும். தனி ஆள் ஓட்டுகிற சின்ன வண்டிக்குப் பரவாயில்லை.

இதில் குழப்பத்தைக் கூட்டுவது பெயர்கள். ஹூண்டாய், கியா தங்கள் சிவிடியை ஐவிடி என்கின்றன, நிஸான் எக்ஸ்ட்ரானிக் என்கிறது, சுபாரு லீனியர்ட்ரானிக், ஃபோக்ஸ்வாகனின் டிசிடிக்கு டிஎஸ்ஜி என்று பெயர், சுஸுகியின் ஏஎம்டிக்கு ஏஜிஎஸ். ஐஎம்டி என்று ஒன்று இருக்கிறது, அது ஆட்டோமேட்டிக்கே இல்லை, கிளட்ச் பெடல் மட்டும் இல்லாத மேனுவல். போதாக்குறைக்கு ஒரே மாடலில் இன்ஜினைப் பொறுத்து வகை மாறும், ஹூண்டாய் கிரெட்டா, கியா செல்டாஸ் போன்றவற்றில் சாதாரண பெட்ரோலுக்கு சிவிடி, டர்போவுக்கு டிசிடி, டீசலுக்கு டார்க் கன்வெர்ட்டர் என்று மூன்றும் வந்திருக்கின்றன. நண்பர் அதே வண்டி வைத்திருக்கிறார், நன்றாக இருக்கிறது என்கிறார் என்று நம்பி வாங்கினால் அவர் ஓட்டுவது ஒன்று, நீங்கள் ஓட்டப்போவது வேறொன்று.

இரண்டாவது வண்டி வாங்கும்போது டெஸ்ட் டிரைவை வேறு மாதிரி செய்தேன். ஷோரூமில் முகம் சுளித்தார்கள், பரவாயில்லை. வீட்டில் எல்லோரையும் ஏற்றிக்கொண்டு போனேன், அப்பா பின்சீட்டில், டிக்கியில் கனமாக நான்கு பெட்டி. நேரான சாலை வேண்டாம் என்று சொல்லிவிட்டு ஒரு அடித்தள வாகன நிறுத்தத்துக்குப் போனோம். ஏற்றத்தின் நடுவில் நிறுத்தினேன், பிரேக்கை விட்டேன், மூன்று வரை எண்ணினேன், ஏனென்றால் பல வண்டிகளில் சரிவில் பிடித்துக்கொள்ளும் அந்த வசதி இரண்டு மூன்று விநாடிதான் பிடிக்கும், அதற்கப்புறம் வண்டியின் சுயரூபம் தெரியும். அடுத்து அதே ஏற்றத்தில் ரிவர்ஸில் ஏற்றினேன், அதுவும் சுவரை ஒட்டி, ஒரு சாண் ஒரு சாணாக. டிசிடியும் ஏஎம்டியும் திணறுகிற இடம் அது. பிறகு குறுகலான இடத்தில் முன்னும் பின்னுமாக மூன்று தடவை அடித்து வண்டியைத் திருப்பினேன், டிரைவிலிருந்து ரிவர்ஸுக்கு மாறி வண்டி நகர எவ்வளவு நேரம் எடுக்கிறது என்று பார்க்க. கடைசியாகத்தான் சாலைக்கு வந்து அறுபதிலிருந்து தொண்ணூறுக்கு ஒரு மிதி. வீட்டுக்கு வந்ததும் என் கருத்தை நான் சொல்லவில்லை, அப்பாவைக் கேட்டேன். “இதுல கியர் இருக்கா?” என்றார். வாங்கிவிட்டோம், ஆறு கியர் டார்க் கன்வெர்ட்டர், கொஞ்சம் பழைய வடிவமைப்புதான்.

ஆயில் பற்றி ஒரு வார்த்தை. இந்த கியர்பாக்ஸுக்கு ஆயில் மாற்றவே வேண்டாம், ஆயுசுக்கும் போதும் என்பார்கள். யாருடைய ஆயுசு என்று கேட்டால் பதில் வராது. இசட்எஃப் என்ற ஜெர்மன் கியர்பாக்ஸ் நிறுவனம் தன்னுடைய ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸ்களுக்கு ஓட்டத்தைப் பொறுத்து 80,000 முதல் 1,20,000 கிலோமீட்டருக்குள், இல்லாவிட்டால் எட்டு வருஷத்துக்குள் ஆயில் மாற்றச் சொல்கிறது. செய்தவர்களே சொல்கிறார்கள், விற்பவர்கள் வேண்டாம் என்கிறார்கள். சிவிடிக்கு இது இன்னும் முக்கியம், அதற்கென்று குறிப்பிட்ட ஆயிலைத் தவிர வேறு எதை ஊற்றினாலும் பெல்ட் வழுக்கத் தொடங்கும்.

ஆகவே உங்களிடம் கேட்பது சின்ன விஷயம். அடுத்த ஒப்பீட்டில் அந்தக் கட்டத்தை மூன்றாகப் பிரித்துவிடுங்கள்: என்ன வகை, டிசிடி என்றால் உலரா ஈரமா, ஆயில் எத்தனை கிலோமீட்டருக்கு ஒருமுறை. திரையின் அங்குலக் கணக்கை எடுத்துவிட்டால் இடம் கிடைத்துவிடும். முடிந்தால் உங்கள் வாகன நிருபரைப் பின்சீட்டிலும் ஒரு மணி நேரம் உட்காரவைத்து, நெரிசலில் ஒரு சுற்றுப் போய்வரச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்

பின்குறிப்பு: ஏற்கனவே உலர் டிசிடி வாங்கிவிட்டவர்கள் என்னைத் திட்ட வேண்டாம், அதையும் நல்லபடியாக ஓட்டலாம். நெரிசலில் முன் வண்டியை ஒட்டிக்கொண்டே போகாமல் ஒரு வண்டி நீளத்துக்கு இடைவெளி விழும்வரை பிரேக்கில் நின்று, பிறகு ஒரே மூச்சில் நகருங்கள், கிளட்ச் முழுசாகப் பிடிக்க அவகாசம் கிடைக்கும். சரிவில் பிரேக் மட்டும்தான், ஆக்சிலரேட்டரால் பிடிக்கவே கூடாது. எந்த வகையானாலும் சரிவில் நிறுத்தும்போது, காலால் பிரேக், நியூட்ரல், கைப்பிரேக், கால் பிரேக்கை மட்டும் தளர்த்தி வண்டியை அமரவிடுவது, அதன்பின்தான் பார்க். நேராகப் பார்க்கில் போட்டுவிட்டுக் காலை எடுத்தால் முழு வண்டியும் உள்ளே இருக்கிற சின்ன இரும்புக் கொக்கி ஒன்றில் தொங்கும். மறுநாள் காலை கியரை எடுக்கும்போது ‘டங்’ என்று கேட்கிறதே, அது அந்தக் கொக்கிதான்.